வெட்டப்பட்ட பாடல்களின் நடிகர்

காக்கசஸ் மலைப்பகுதியில் எடுக்கப்பட்டு 1967-இல் திரைக்கு வந்த ‘செங்குத்து’ என்ற சோவியத் படத்துக்கு இசையமைத்தவர் சஃபியா குபைதூலினா. பின்னாளில் உலகின் முதன்மையான நவீன இசையமைப்பாளர்களில் ஒருவராக மதிக்கப்பட்டவர். ஆனால் படம் பார்த்தவர்களின் வாயில் நின்றது அவருடைய இசை அல்ல. மலையேறும் குழுவில் வயர்லெஸ் இயக்குபவராகத் தாடியோடு வரும் ஒரு நடிகர், தானே எழுதி, தானே மெட்டுப் போட்டு, கிட்டாரை மீட்டிப் பாடிய சில பாடல்கள்தான் நின்றன. மறு ஆண்டே அரசின் இசைத்தட்டு நிறுவனமான மெலோதியா அவற்றில் நான்கைச் சிறு தட்டாக வெளியிட்டது. அந்த நடிகர் விளாதிமிர் விசோத்ஸ்கி. படம் வந்தபோது அவருக்கு வயது 29.

விசோத்ஸ்கியைப் பற்றி எழுதியவர்கள் அவரைக் கவிஞர் என்பார்கள், நடிகர் என்பார்கள், பாடகர் என்பார்கள். இசையமைப்பாளர் என்று சொல்லத் தயங்குவார்கள். மூன்று நான்கு கார்டுகள், ஒரு கிட்டார், கரகரத்த குரல் என்று முடித்துவிடுவார்கள். இந்தத் தயக்கம் சரியல்ல என்பது என் எண்ணம். அறுநூறுக்கு மேற்பட்ட பாடல்களுக்கு மெட்டமைத்த ஒருவரின் இசையைச் சொற்களுக்கு வெறும் கைத்தாங்கலாகப் பார்ப்பது, அந்தச் சொற்களையும் பாதிதான் கேட்பது. அவர் மெட்டமைத்த முறை ஒரு நடிகனின் முறை. அந்த முறையைப் புரிந்துகொள்ள அவர் நடித்த படங்களைப் பார்க்க வேண்டும். அவர் எழுதிக் கொடுத்து, படத்தில் சேராமல் போன பாடல்களையும் கூடவே பார்க்க வேண்டும்.

விசோத்ஸ்கி 1938 ஜனவரி 25 அன்று மாஸ்கோவில் பிறந்தார். தந்தை ராணுவ அதிகாரி. போர் முடிந்த பிறகு, பெற்றோர் பிரிந்த நிலையில், 1947 முதல் 1949 வரை தந்தையுடனும் சிற்றன்னையுடனும் ஜெர்மனியின் எபர்ஸ்வால்டே நகரில் இருந்தார். முறையான இசைப் பயிற்சி என்று சொல்லத்தக்கது அவருக்குக் கிடைத்தது அங்கேதான்: கொஞ்சம் பியானோ. கிட்டார் பிறகு தானாகக் கற்றுக்கொண்டது. பொறியியல் கல்லூரியில் சேர்ந்து சில மாதங்களிலேயே விலகி, மாஸ்கோ கலை அரங்கின் நடிப்புப் பள்ளியில் 1956-இல் சேர்ந்தார். அங்கே அவருக்கு ரஷ்ய இலக்கியம் கற்பித்தவர்களில் ஒருவர் அந்திரேய் சின்யாவ்ஸ்கி; பின்னர் வெளிநாட்டில் தன் எழுத்துகளை வெளியிட்டதற்காகச் சிறை சென்ற எழுத்தாளர்.

அவர் வளர்ந்த மாஸ்கோ வேறொரு பாடத்தையும் தந்தது. ஸ்டாலின் இறந்த 1953-இல் அறிவிக்கப்பட்ட பொது மன்னிப்பில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கைதிகள் முகாம்களிலிருந்து வெளியே வந்தார்கள். அவர்களோடு முகாம் பாடல்களும் நகரத்தின் குடியிருப்பு முற்றங்களுக்கு வந்தன. திருடனின் காதல், கைதியின் ஏக்கம், துரோகம் செய்த நண்பன். வானொலியில் ஒலித்த அணிவகுப்புப் பாடல்களில் இல்லாத மனிதர்கள் இந்தப் பாடல்களில் இருந்தார்கள். விசோத்ஸ்கி தன் முதல் பாடல் என்று சொல்லிவந்தது 1961-இல் எழுதிய ‘பச்சை குத்தல்’. அதுவும் தொடர்ந்து வந்த பல பாடல்களும் இந்த மரபில் பிறந்தவையே. புலாத் ஒகுத்ஜாவா கிட்டாரோடு தன் கவிதைகளைப் பாடுவதைக் கேட்டதுதான் தன்னைத் தூண்டியது என்று அவர் வெளிப்படையாகச் சொன்னார். ஆனால் ஒகுத்ஜாவா எந்தப் பாடலிலும் ஒகுத்ஜாவாவாகவே இருப்பார். விசோத்ஸ்கி ஒவ்வொரு பாடலிலும் வேறு ஆளாக மாறினார். திருடன், போர்முனைச் சிப்பாய், மலையேறுபவர், குத்துச்சண்டைக்காரர், மனநல விடுதி நோயாளி, ஒரு பாடலில் போர் விமானமே கூட. எல்லாம் ‘நான்’ என்ற தன்மையில்தான். எந்தப் படைப்பிரிவில் இருந்தீர்கள், எந்தச் சிறையில் இருந்தீர்கள் என்று முகமறியாதவர்கள் அவருக்குக் கடிதம் எழுதினார்கள். போர் முடிந்தபோது அவருக்கு ஏழு வயது. தண்டனைக் கைதியாக அவர் ஒருநாளும் இருந்ததில்லை.

இந்த உருமாற்றத்தை அவர் தொழிலாகக் கற்றது தகான்கா அரங்கத்தில். யூரி லியூபீமவ் 1964-இல் தொடங்கிய அந்த அரங்கம் நாடகாசிரியர் பிரெக்டை மாஸ்கோ மேடைக்கு உரிமையோடு கொண்டுவந்தது. பிரெக்டின் நாடகங்களில் நடிகர் சட்டென்று கதையிலிருந்து விலகி, பார்வையாளரை நேருக்கு நேர் பார்த்துப் பாடுவார். பாத்திரமும் நடிகரும் ஒரே உடலில் தனித்தனியாகத் தெரிவார்கள். விசோத்ஸ்கி அங்கே 1966-இல் கலிலியோவாக நடித்தார். 1971 நவம்பர் 29 அன்று முதன்முறையாக ஹாம்லெட்டாக மேடையேறினார். பார்வையாளர் உள்ளே வரும்போதே அவர் மேடையின் பின்சுவரோரம் கிட்டாரோடு உட்கார்ந்திருப்பார். நாடகம் ஷேக்ஸ்பியரின் வரியில் தொடங்காது. பாஸ்டர்நாக் எழுதிய, ‘டாக்டர் ஷிவாகோ’ நாவலோடு சேர்ந்து தடைபட்டிருந்த, ஹாம்லெட் பற்றிய கவிதையை அவர் தன் மெட்டில் பாடுவார். பிறகுதான் தாவீத் பரோவ்ஸ்கி வடிவமைத்த, முரட்டுக் கம்பளியில் நெய்த மாபெரும் திரை நகரத் தொடங்கும், மனிதர்களை அடித்துத் தள்ளிக்கொண்டு. டென்மார்க் இளவரசனின் கையில் ரஷ்ய கிட்டார். லியூபீமவ் இதைப் புதுமைக்காகச் செய்தார் என்று நான் நினைக்கவில்லை. அந்த நடிகரின் முழு ஆளுமையையும் மேடைக்குக் கொண்டுவர வேறு வழி இல்லை என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

இசையை அருகில் போய்க் கேட்போம். அவர் வாசித்தது ஏழு தந்தி கொண்ட ரஷ்ய கிட்டார். தந்திகளை வழக்கமான சுருதியை விடத் தளர்த்தி வைத்திருப்பார். அதனால் கிட்டாரின் ஒலி கனமாக, சற்றே கலங்கி வரும். மேடையில் கச்சிதமாகச் சுருதி சேர்க்காமலே பாடுவதும் உண்டு. தளர்ந்த தந்தி அவருடைய தாழ்ந்த குரலுக்கு இடம் கொடுத்தது. மேலே ஏறி உடையும்போது அந்த உடைவு கேட்கவும் வழி செய்தது. அடுத்தது, மெய்யெழுத்து. பாடகர்கள் பொதுவாக நீட்டுவது உயிரெழுத்தை. நம் ஆலாபனை முழுவதும் அதன்மேல் நிற்பதுதான். விசோத்ஸ்கி ர், ல், ம், ன் என்ற மெய்களை இழுத்தார். சொல்லின் நடுவில் ‘ர்’ உறுமிக்கொண்டே நிற்கும். அடுத்த உயிர் எப்போது வரும் என்று கேட்பவர் காத்திருப்பார். அந்த இடைவெளியில் தாளத்தின் இழுவிசை கூடும். இதைச் சுரக்குறிப்பில் எழுத வழியில்லை. ஆனால் இது தற்செயலான குரல் வழக்கம் அல்ல. எந்தச் சொல்லில் இழுக்க வேண்டும், எதில் வெட்ட வேண்டும் என்பது ஒவ்வொரு பாடலிலும் அதைப் பாடும் பாத்திரத்துக்கு ஏற்ப மாறுகிறது. மலையேறுபவர்களின் பாடலில் இழுப்பு ஏறக்குறைய இல்லை; வரிகள் நேராக, ஒரே அடியில் நடக்கின்றன. 1972-இல் எழுதிய ‘அடங்காக் குதிரைகள்’ பாடலிலோ, பள்ளத்தாக்கின் விளிம்பில் வண்டியோட்டுபவன் குதிரைகளைச் சாட்டையால் அடித்துக்கொண்டே மெதுவாகப் போகச் சொல்லி மன்றாடுகிறான். பல்லவியில் சொல் தாமதத்தைக் கேட்கிறது, தாளமோ நிற்காமல் இழுத்துச் செல்கிறது. முரண் வரியில் இருப்பதைவிட மெட்டில் அதிகமாக இருக்கிறது. இதைச் செய்தவரை இசையமைப்பாளர் என்று அழைக்காமல் எப்படி அழைப்பது?

சினிமாவுக்கு வருவோம். 1959-இல் ஒரு படத்தில் ஓரிரு சொற்கள் பேசும் மாணவனாகத் தொடங்கி, சில ஆண்டுகள் சிறு வேடங்களிலேயே இருந்தார். ‘செங்குத்து’ அவரை நாடறியச் செய்தது. அதே காலத்தில் கீரா முராத்தவாவின் ‘குறுகிய சந்திப்புகள்’ படத்தில் நிலவியலாளர் மக்ஸீமாக நடித்தார். ஊரூராகத் திரியும், எந்த வீட்டிலும் தங்காத மனிதன். படம் பெரும்பாலும் அவனை நினைக்கும் இரண்டு பெண்களின் நினைவோட்டம். சுவரில் தொங்கும் கிட்டார்தான் அவன் இல்லாத வீட்டில் அவனுக்குப் பதிலாக இருக்கிறது. விசோத்ஸ்கியின் கிட்டாரை இவ்வளவு சரியாகப் புரிந்துகொண்ட இயக்குநர் வேறொருவர் இல்லை என்றே சொல்வேன். சினிமாவில் அவருடைய மிக மென்மையான நடிப்பும் இதுதான். படம் மிகச் சில அரங்குகளில் மட்டும் காட்டப்பட்டு, கோர்பசேவ் காலம் வரை முடங்கிக் கிடந்தது. 1968-இல் லெனின்கிராடில் கெனாதி பலோகா இயக்கிய ‘தலையீடு’ அதைவிட மோசமான நிலையைச் சந்தித்தது. உள்நாட்டுப் போர்க்கால ஒதேஸாவை வண்ணமயமான கூத்துப்போலக் காட்டிய அந்தப் படத்தில் அவர் ஒரு தலைமறைவுப் போராளி. சவப்பெட்டியை மர உடுப்பு என்று சொல்லும் ஒரு பாடல் அதில் உண்டு. புரட்சியைக் கேலி செய்கிறது என்ற குற்றச்சாட்டில் படம் பெட்டிக்குள் போனது. வெளிவந்தது 1987-இல், அவர் இறந்து ஏழு ஆண்டுகள் கழித்து.

அதே 1968-இல் வந்த ‘இரண்டு தோழர்கள் பணியாற்றினார்கள்’ படத்தில் அவருக்குப் பாட்டே இல்லை. தோற்றுப்போன வெள்ளைப் படையின் அதிகாரி புருசென்ஸவ். 1920, கிரீமியா. கப்பலில் இடம்பிடிக்க முண்டியடிக்கும் கூட்டம். அவன் ஏறிவிடுகிறான், குதிரையை ஏற்ற முடியவில்லை. குதிரை தண்ணீரில் குதித்து கப்பலின் பின்னால் நீந்தி வருகிறது. அதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறான். பிறகு தன்னையே சுட்டுக்கொள்கிறான். எதிரிப் பாத்திரத்தை இப்படி நடித்தால் பார்வையாளர் யார் பக்கம் நிற்பார்கள் என்பது அதிகாரிகளுக்குப் புரிந்திருக்க வேண்டும். அவர் நடித்த காட்சிகளில் கணிசமானவை வெட்டப்பட்டன. மிஞ்சியதே போதுமானதாக இருக்கிறது. பாடல் இல்லாமல் அவர் ஒரு பாடலின் வேலையை முகத்தால் செய்கிறார்.

1968 கோடையில் ‘சவேத்ஸ்கயா ரஸ்ஸீயா’ நாளேடு அவருடைய பாடல்களைத் தாக்கிக் கட்டுரை வெளியிட்டது. குடிகாரர்களையும் குற்றவாளிகளையும் போற்றுகிறார் என்பது குற்றச்சாட்டு. மற்றவர்கள் எழுதிய பாடல்களையும் அவர் கணக்கில் எழுதித் திட்டினார்கள். அந்தக் கோடையில்தான் அவர் சைபீரியாவில், க்ராஸ்னயார்ஸ்க் பகுதியின் ஒரு கிராமத்தில் ‘தைகாவின் எஜமான்’ படப்பிடிப்பில் இருந்தார். தகான்கா சக நடிகர் வலேரி ஸலதூஹினும் அவரும் ஒரே வீட்டில் தங்கினார்கள். அங்கே எழுதியவற்றில் ஒன்று ‘ஓநாய் வேட்டை’. வேட்டைக்காரர்கள் காட்டைச் சுற்றிக் கயிறு கட்டிச் சிவப்புக் கொடிகளைத் தொங்கவிடுவார்கள். ஓநாய்கள் அந்தக் கொடியைத் தாண்டாமலே சுடப்பட்டுச் சாகும். பாடலில் பேசுவது ஓர் ஓநாய். அது தாண்டிவிடுகிறது.

இனி வெட்டப்பட்ட பாடல்கள். சோவியத் ஒன்றியத்தில் ஒரு படத்தின் திரைக்கதை, நடிகர் தேர்வு, பாடல், இறுதி வடிவம் எல்லாம் ஸ்டூடியோவின் கலைக்குழுவிலும் மேலே அரசுத் திரைப்படக் குழுவிலும் அங்கீகாரம் பெற வேண்டும். எழுத்தாளர் சங்கத்திலோ இசையமைப்பாளர் சங்கத்திலோ உறுப்பினராக இல்லாத ஒருவர், தன் சொல்லும் மெட்டுமாக வந்து நிற்பது அந்த இயந்திரத்துக்குப் பிடிக்காத ஒன்று. விசோத்ஸ்கி இரண்டு சங்கங்களிலும் கடைசி வரை சேர்க்கப்படவில்லை. ‘சான்னிகவ் நிலம்’ படத்தில் அவருக்கென்று இருந்த வேடம் கைநழுவி அலேக் தாலுக்குப் போனது. ‘மிஸ்டர் மக்கின்லியின் தப்பியோட்டம்’ (1975) படத்துக்காக இயக்குநர் மிகயில் ஷ்வெய்ட்ஸர் அவரிடம் கதைப்பாடல்களைக் கேட்டார். நவீன நகரத்தின் தெருப்பாடகனாகக் கதையின் ஊடே வந்து போகும் வேடம். ஏறத்தாழ பிரெக்டிய அமைப்பு. ஒன்பது பாடல்களை எழுதி மெட்டமைத்தார். முடிந்த படத்தில் பெரும்பாலானவை இல்லை; பாடகனின் வேடமே கரைந்து, அங்குமிங்கும் தலைகாட்டும் உருவமாகிவிட்டது. படத்தின் எலும்புக்கூடாக இருந்திருக்க வேண்டியதை உருவிவிட்டதால் அந்தப் படம் இன்று தொய்வாகத் தெரிகிறது.

அதே ஆண்டில் ரீகா ஸ்டூடியோவின் ‘ராபின் ஹூட்டின் அம்புகள்’. செர்கேய் தராசவ் இயக்கிய அந்தப் படத்துக்கு அவர் காலம், காதல், வெறுப்பு, போராட்டம் என்று சில நீண்ட கதைப்பாடல்களைத் தந்தார். இளைஞர்களுக்கான சாகசப் படத்துக்கு இவை கனமானவை என்று நீக்கப்பட்டன. அவற்றின் இடத்தில் ராய்மண்ட்ஸ் பவுல்ஸ் இசையமைத்த இனிய பாடல்கள் வந்தன. பவுல்ஸின் பாடல்களைக் குறை சொல்ல எதுவுமில்லை. ஆனால் விசோத்ஸ்கியின் கதைப்பாடல்களைக் கேட்டவருக்கு அந்த மாற்றம் வலிக்கும். தராசவுக்கும் வலித்திருக்க வேண்டும். எட்டு ஆண்டுகள் கழித்து, பாடியவர் உயிரோடில்லாத 1983-இல், தன் ‘ஐவன்ஹோ’ படத்தில் அதே பாடல்களை வைத்தார்.

1976-இல் அலெக்ஸாந்தர் மித்தா இயக்கிய படத்தில் அவர் புஷ்கினின் ஆப்பிரிக்க மூதாதையான இப்ராகிம் ஹன்னிபாலாக நடித்தார். எழுதிக் கொடுத்த இரண்டு பாடல்களும் படத்தில் இல்லை. அவற்றில் ஒன்று, பொற்கூரைக் கோபுரங்கள் மின்னும் ரஷ்யாவின் சேற்றில் குதிரை புதைய நடக்கும் பயணத்தைச் சொல்வது. அவருடைய மிகப் பெரிய படைப்புகளில் அதற்கு இடமுண்டு. அந்தப் படத்துக்கு இசையமைத்தவர் அல்ஃபிரெட் ஷ்னிட்கே. ஒரு படத்தில் குபைதூலினா, மற்றொன்றில் ஷ்னிட்கே: அந்தத் தலைமுறையின் மிகத் துணிச்சலான இசையமைப்பாளர்களும், கச்சேரி அரங்குகளில் இடம் கிடைக்காமல் சினிமாவில் பிழைத்தவர்கள்தான். இசைக் கல்லூரியில் படித்தவர்களுக்கும் படிக்காதவருக்கும் அடைக்கலம் ஒரே கூரையின்கீழ் கிடைத்தது. அவர்களால் அதில் மூச்சுவிட முடிந்தது. இவருக்குப் பாதி மூச்சுதான்.

மீதி ஒலிநாடாவில் வந்தது. அறுபதுகளில் ஸ்பூல் டேப் ரிக்கார்டர் சோவியத் வீடுகளுக்குள் பரவலாக நுழைந்தது. நண்பரின் வீட்டில் பாடியது, தொழிற்சாலைக் கூடத்தில் பாடியது, ஆராய்ச்சி நிறுவனத்தில் பாடியது எல்லாம் பதிவாகி, பிரதியின் பிரதியாக வ்லதிவஸ்தோக் வரை போனது. இதில் நடிகர் என்ற தகுதி எவ்வளவு உதவியது என்பதைப் பலர் கவனிப்பதில்லை. பாடகராக அவருக்கு மேடை கிடைப்பது அரிது. ஆனால் ‘திரைப்பட நடிகருடன் ஒரு சந்திப்பு’ என்றால் கிடைக்கும். சோவியத் திரைக்கலையைப் பரப்புவதற்கென்று இருந்த அமைப்பே இத்தகைய சந்திப்புகளை ஏற்பாடு செய்தது. அவர் மேடையேறி, நடித்த படங்களைப் பற்றிச் சில வார்த்தை பேசுவார், பிறகு கிட்டாரை எடுப்பார். படத்திலிருந்து வெட்டப்பட்ட பாடல் அந்தப் படத்தைப் பற்றிய சந்திப்பில் முழுதாக ஒலிக்கும்.

அரசு அவருக்கு இசையமைப்பாளராக முழு இடம் கொடுத்தது ஒரே ஒருமுறை என்று சொல்லலாம். அதுவும் குழந்தைகளுக்கான இசைத்தட்டில். மெலோதியா 1976-இல் இரட்டைத் தட்டாக வெளியிட்ட ‘அற்புத உலகில் ஆலிஸ்’ நாடகத்தின் பாடல்களுக்குச் சொல்லும் மெட்டும் அவருடையவை. பல ஆண்டுகள் உழைத்தார். எலிக்கு, கிளிக்கு, பூனைக்கு, ஆலிஸுக்கு என்று ஒவ்வொரு பாத்திரத்துக்கும் தனித்தனி நடையில் மெட்டு. அவற்றில் பலவற்றை மற்ற நடிகர்கள் பாடுகிறார்கள். அவருடைய மெட்டுகள் அவர் குரல் இல்லாமல் நிற்குமா என்று ஐயப்படுபவர்கள் இந்தத் தட்டைக் கேட்க வேண்டும். நிற்கின்றன. இதற்கும் எதிர்ப்பு வந்தது. குழந்தைகளின் ரசனையைக் கெடுக்கிறார் என்றார்கள். அந்தத் தட்டைக் கேட்டு வளர்ந்த ஒரு தலைமுறை அந்தப் பாடல்களை இன்றும் மனப்பாடமாகச் சொல்கிறது.

1979 நவம்பரில் தொலைக்காட்சியில் ‘சந்திப்பிடத்தை மாற்ற முடியாது’ ஐந்து பகுதிகளாக ஒளிபரப்பானது. வைனர் சகோதரர்களின் நாவல். இயக்கம், ‘செங்குத்து’ படத்தின் இரு இயக்குநர்களில் ஒருவரான ஸ்தனிஸ்லாவ் கவருஹின். போர் முடிந்த மாஸ்கோவில் கொள்ளைக் கும்பலைத் துரத்தும் காவல் அதிகாரி க்ளேப் ஷெக்லவாக விசோத்ஸ்கி. படப்பிடிப்பு தொடங்கும் நேரத்தில் தன்னை விடுவிக்கும்படி அவர் கேட்டதை கவருஹின் பின்னர் சொல்லியிருக்கிறார்: வாழ்நாள் குறைவாக இருக்கிறது, ஒரு வருடத்தை இதற்குக் கொடுக்க முடியாது என்றாராம். இயக்குநர் விடவில்லை. படத்தில் பாட வேண்டும் என்று விசோத்ஸ்கி விரும்பினார். அதற்கும் இயக்குநர் இசையவில்லை. இந்த மறுப்பு அதிகாரிகளின் மறுப்பு போன்றதல்ல. விசோத்ஸ்கி வாயைத் திறந்து பாடினால் ஷெக்லவ் மறைந்து விசோத்ஸ்கி வந்துவிடுவார் என்பது கவருஹினின் வாதம். அவர் சொன்னது சரி என்றே நான் நினைக்கிறேன். ஒரே ஓரிடத்தில் ஷெக்லவ் பியானோ முன் உட்கார்ந்து பாடகர் வெர்த்தீன்ஸ்கியின் பழைய பாடல் ஒன்றைத் துண்டு துண்டாக, இடையிடையே பேசிக்கொண்டே பாடுகிறான். அது ஷெக்லவின் பாட்டு, விசோத்ஸ்கியுடையது அல்ல. குற்றவாளியைப் பிடிக்கப் பொய்ச் சாட்சியம் உருவாக்கத் தயங்காத, தன் நியாயத்தில் சிறிதும் சந்தேகமில்லாத, ஆனாலும் கண்ணை எடுக்க முடியாத மனிதனாக அவன் தெரிவதற்குக் காரணம் பேச்சின் தாளம். வரிகளை அவர் எங்கே நிறுத்துகிறார், எந்த மெய்யில் அழுத்துகிறார் என்று கவனித்தால், பாடல்களில் கேட்ட அதே இசை உரைநடையில் ஓடுவது தெரியும்.

அதற்குப் பிறகு ஷ்வெய்ட்ஸரின் ‘சிறு துயர நாடகங்கள்’ தொடரில் தோன் குவான் வேடம். புஷ்கினின் கவிதை வசனம், ஷ்னிட்கேயின் இசை. அடுத்து ‘பச்சை வண்டி’ என்ற படத்தைத் தானே இயக்கத் திட்டமிட்டிருந்தார். குடியும் போதை மருந்தும் உடலைத் தின்றிருந்தன. 1980 ஜூலை 18 அன்று கடைசி முறையாக ஹாம்லெட் நடித்தார். ஜூலை 25 அதிகாலை, மாஸ்கோவில் ஒலிம்பிக் நடந்துகொண்டிருந்தபோது, 42 வயதில் இறந்தார். ஓரிரு செய்தித்தாள்களில் சில வரிகள் வந்தன. தகான்கா சதுக்கத்தில் பல்லாயிரம் பேர் திரண்டார்கள். ஜூலை 28 அன்று வகான்கவ கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார்.

1981-இல் வெளியான அவருடைய முதல் நூல் ‘நரம்பு’, பாடல்களைக் கவிதைகளாக அச்சிட்டது. மெட்டு இல்லாத வரிகள். 1987-இல் இறப்புக்குப் பின் தரப்பட்ட அரசு விருது, ஷெக்லவ் வேடத்தையும் சொந்தப் பாடல்களைப் பாடியதையும் குறிப்பிட்டது. அதே காலத்தில்தான் மெலோதியா, இசைக்கலைஞர் கரன்யானின் இசைக்குழுவோடு 1974-இல் பதிவாகி முடங்கியிருந்த பாடல்களை வெளியிட்டது. கச்சேரிப் பதிவுகளை 21 தட்டுகள் கொண்ட வரிசையாகவும் கொண்டுவரத் தொடங்கியது. அதன் பிறகு ஒரு புதிய சிக்கல் எழுந்தது. ஒரே பாடலுக்குப் பத்து, இருபது என்று பதிவுகள் உண்டு. சொற்கள் மாறும், வேகம் மாறும், ஒன்றில் ஒரு சரணம் வரும், மற்றொன்றில் போகும். கரன்யானின் குழுவோடு பாடியதில் தாளம் ஒழுங்காக இருக்கிறது, குரல் கட்டுக்குள் நிற்கிறது. நண்பரின் அறையில் தனிக் கிட்டாரோடு பாடியதில் அதே மெட்டு வேறொரு மனிதனுடையதாகிறது. இவற்றில் எதைச் சுரக்குறிப்பாக எழுதி ‘விசோத்ஸ்கியின் பாடல்’ என்று தருவது என்று தொகுப்பாளர்கள் ஒவ்வொரு முறையும் முடிவெடுக்க வேண்டியிருக்கிறது. நாடக ஆய்வாளர்களுக்கு இந்தச் சிக்கல் பழகியது. ஹாம்லெட்டை இருநூறு முறைக்கு மேல் நடித்த ஒருவரின் எந்த இரவை ஹாம்லெட் என்பது? இசை ஆய்வாளர்கள் அவருடைய பாடல்களை அந்தக் கண்ணோடு பார்க்கத் தொடங்க வேண்டும்: ஒவ்வொரு பதிவையும் தனி நிகழ்வாக வைத்து, எந்தக் கூட்டத்தின் முன், எந்த ஆண்டில், எந்தப் பாத்திரமாக நின்று பாடினார் என்று குறித்து.